உள்ள வெளிச்சமே போதும்!

படம் பார்த்து வீடு திரும்பும் வழியில் நாம் எதைப் பற்றிப் பேசிக்கொண்டு வருகிறோம்? கதாநாயகன் எப்படி, கதாநாயகி எப்படி, பாட்டுகள் எப்படி, முடிவு சரிதானா என்பவற்றைப் பற்றி. வின்சரிலும் றீகலிலும் மனோகராவிலும் படம் பார்த்த நம் பாட்டன்மார் காலந்தொட்டு இதுவே வழக்கமாக இருந்து வருகிறது. கதாநாயகியின் முகத்தில் பாதி வெளிச்சமும் பாதி நிழலும் விழும்படி செய்தவர் யார், அந்த நிழலினால்தான் நம் தொண்டை அடைத்ததா என்று எவரும் கேட்பதில்லை. படம் தொடங்குமுன் பெயர்கள் ஓடும்போது நாம் கச்சான் கொறித்துக்கொண்டிருப்போம். அவற்றுள் ‘ஒளிப்பதிவு’ என்று ஒரு பெயர் வந்து மறைந்துவிடும்.

அப்பெயருக்கு உரியவரைப் பற்றியே இவ்வாரம் பேச எண்ணுகிறோம். அதிலும், பெரிய ஸ்ரூடியோக்களின் நிழலில் ஒதுங்காமல், தம் கண்ணையும் கமராவையும் நம்பித் தம் விருப்பப்படி தொழில் செய்ய முயன்ற ஒருவரைப் பற்றி. அத்தகையோரில் ஈழ மண் ஈன்ற தலைசிறந்தவர் பாலு மகேந்திரா. அவர் நம் குடாநாட்டவர் அல்லர். மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழியில் 1939ஆம் ஆண்டு மே மாதம் 20ஆம் திகதி பிறந்தவர். ஆயினும் அவர் கைக்கொண்ட முறை நம் குடாநாட்டு வெயிலுக்கும் நாற்சார் வீட்டுக்கும் எத்துணை பொருந்துவது என்பதை எண்ணுந்தோறும் நமக்கு வியப்பு உண்டாகிறது. கூடவே ஒரு சிறு வருத்தமும் உண்டாகிறது. வருத்தம் என்னவென்பதைப் பின்னர் கூறுவோம்.

மட்டக்களப்புப் புனித மிக்கேல் கல்லூரியில் பயின்ற காலத்தில் மாணவர்களோடு சுற்றுலா சென்றவர், கித்துல்கலையில் ஒரு படப்பிடிப்பைக் கண்டார். ஆங்கில இயக்குநர் டேவிட் லீன், ‘த பிரிட்ஜ் ஒன் த றிவர் குவாய்’ என்ற படத்தைக் களனி கங்கைக் கரையில் எடுத்துக்கொண்டிருந்த சமயம் அது. அப்படம் 1957இல் வெளிவந்து உலகப் புகழ் பெற்றது. இயக்குநர் “மழை” என்று ஒரு குரல் கொடுத்தாராம். உடனே மழை கொட்டியதாம்! ஒரு மனிதனுடைய சொல்லுக்கு வானமே பணிந்ததைக் கண்ட அந்தக் கணத்திலேயே தாமும் இயக்குநராக வேண்டும் என்ற எண்ணம் மனத்தில் விழுந்துவிட்டது என்று அவர் பிற்காலத்தில் பலமுறை கூறியிருக்கிறார். குழாயில் வந்த மழையைக் கண்டு மயங்கிய அந்தச் சிறுவனே வளர்ந்து, குழல் விளக்கையும் கூசு விளக்கையும் கூடியமட்டும் தவிர்த்து, சூரியன் எப்போது சாய்வான் என்று காத்திருக்கும் கலைஞனாக ஆனான் என்பது வேடிக்கையன்றோ?

எண்ணம் விழுந்ததே தவிர, வழி உடனே திறக்கவில்லை. லண்டனிற் படிப்பு, பின்னர் கொழும்பில் அரசாங்க உத்தியோகம். படவரைஞராகப் பணியாற்றியபடியே ‘தேனருவி’ என்ற இலக்கிய இதழில் ஈடுபட்டார். இலங்கை வானொலி நாடகங்களில் நடித்தார். சிங்கள நாடகக் கலைஞர்களோடும் பழகினார். கோடும் அளவும் பழகிய படவரைஞரின் கை, கதையும் சொல்லும் பழகிய இலக்கியக்காரரின் மனம் ஆகிய இரண்டும் ஒருவரிடம் சேர்ந்தது தற்செயல்தான். ஆனால் பிற்காலத்தில் அவர் அமைத்த காட்சிகளைப் பார்ப்பவர்களுக்கு இரண்டும் புலப்படும்.

பூனாவில் உள்ள இந்தியத் திரைப்படக் கல்லூரிக்குச் சென்றபோதும் அவர் விரும்பிய பிரிவில் இடங்கிடைக்கவில்லை. கிடைத்தது ஒளிப்பதிவுப் பிரிவு. கிடைத்ததைக் கொண்டு அமைதியடைந்து, 1969இல் தேறி வெளியே வந்தார். பயிற்சிக்காக அவர் எடுத்த ஒரு சிறு படத்தைக் கண்ணுற்ற மலையாள இயக்குநர் ராமு காரியாட், தமது ‘நெல்லு’ படத்துக்கு ஒளிப்பதிவு செய்யுமாறு அழைத்தார். ‘செம்மீன்’ என்ற படத்தால் இந்தியா முழுவதும் அறியப்பட்ட காரியாட், கல்லூரியிலிருந்து வெளிவந்த ஓர் இலங்கை இளைஞரை நம்பிக் கலர்ப் படம் ஒன்றை ஒப்படைத்தார்! வயநாட்டுக் காட்டுப்புறத்தில் எடுக்கப்பட்டு 1974இல் வெளிவந்த அப்படத்தின் ஒளிப்பதிவுக்குக் கேரள அரசின் விருது கிடைத்தது. விரும்பிய கதவு மூடியிருந்ததால் அடுத்த கதவில் நுழைந்தவர், அந்த அடுத்த வீட்டையே தமதாக்கிக்கொண்டார்.

ஒளிப்பதிவாளரின் வேலைதான் என்ன? கமராவை முடுக்கி வைத்துவிட்டு ஓரமாக நிற்பதென்று பலர் எண்ணுகின்றனர். உண்மையில் அவருடைய வேலையிற் பெரும்பகுதி கமரா ஓடுமுன்பே முடிந்துவிடுகிறது. ஒரு காட்சியில் வெளிச்சம் எந்தத் திசையிலிருந்து வரவேண்டும், எவ்வளவு வரவேண்டும், கூர்மையாக வரவேண்டுமா அல்லது மெதுவாகக் கசிந்து வரவேண்டுமா என்பதைத் தீர்மானிப்பவர் அவர். எந்த வில்லையைப் பூட்டுவது, கமராவை எவ்வளவு உயரத்தில் வைப்பது என்பதும் அவர் பொறுப்பே. அடுப்படியில் குந்தியிருக்கும் தாயை நின்ற நிலையிலிருந்து குனிந்து பார்ப்பது ஒருவிதம். நாமும் அவளருகே குந்தி அவள் கண்மட்டத்தில் பார்ப்பது வேறொரு விதம். முதலாவதில் நாம் விருந்தாளிகள்; இரண்டாவதில் வீட்டுப் பிள்ளைகள்.

பிலிமில் எடுத்த காலத்தில் இந்த வேலையிற் பெரும் அச்சமும் கலந்திருந்தது. ஒரு விநாடிக்கு 24 படங்கள் வீதம் பிலிம் ஓடும். 1000 அடிச் சுருள் சுமார் 11 நிமிடத்தில் தீர்ந்துவிடும். ஒவ்வோர் அடிக்கும் பணம். எடுத்தது சரியா, பிழையா என்பது பிலிமைக் கழுவி அச்சிட்டுத் திரையில் ஓட்டிப் பார்க்கும்வரை எவருக்கும் தெரியாது. வெளிச்சத்தை அளக்கும் சிறு கருவியொன்றைக் கழுத்திற் கட்டிக்கொண்டு, அதன் முள் காட்டும் அளவையும் தம் அனுபவத்தையும் தராசில் வைத்து, “ஆம், எடுக்கலாம்” என்று சொல்லும் அந்த ஒரு சொல்லின்மேல் முழுக் குழுவின் உழைப்பும் தொங்கிக்கொண்டிருக்கும். அக்காலக் கலர்ப் பிலிமின் வேகம் 100 என்ற அளவை ஒட்டியது. அதாவது நிறைய வெளிச்சம் கேட்கும். ஆகவே ஸ்ரூடியோக்களில் பெரும் பெரும் விளக்குகளைச் சுற்றிலும் நிறுத்தி, அறையின் மூலை முடுக்குகளையெல்லாம் ஒரே சீராகப் பளிச்சிடச் செய்வார்கள். குடிசையிலும் அரண்மனை வெளிச்சம். நள்ளிரவிலும் கதாநாயகியின் மூக்குத்தி மின்னும். நாமும் அதைக் குறையென்று எண்ணாமற் பழகிவிட்டோம்.

இந்த வழக்கத்துக்கு மாறாக, உலகில் உள்ள வெளிச்சத்தையே நம்பிப் படம் பிடித்தவர்களுட் கல்கத்தாவின் சுப்ரதா மித்ராவைக் குறிப்பிடாமல் மேற்செல்ல இயலாது. சத்யஜித் ராயின் ‘பதேர் பாஞ்சாலி’ (1955) படத்தை எடுக்கத் தொடங்கியபோது அவருக்கு வயது 21; அதற்குமுன் சினிமாக் கமராவை அவர் இயக்கியதில்லை. அடுத்த படமான ‘அபராஜிதோ’வில் (1956) காசி நகரத்து வீடொன்றின் முற்றத்தை ஸ்ரூடியோவுக்குள் கட்ட நேர்ந்தது. அத்தகைய வீட்டில் வெயில் நேராக விழுவதில்லை. மேலே திறந்த வானத்திலிருந்து மெல்லிய ஒளி இறங்கி, சுவரிலிருந்து சுவருக்குத் தாவி, நிழலே தெரியாமற் பரவும். அதை எப்படிக் கொண்டுவருவது? மித்ரா வெள்ளைத் துணியை விரித்துக் கட்டி, விளக்குகளை நடிகர்மேல் அடியாமல் துணியின்மேல் அடித்தார். துணியிலிருந்து திரும்பிய ஒளி முற்றத்து ஒளியாயிற்று. இன்று உலகெங்கும் வழக்கத்திலுள்ள ஒரு முறை, இப்படி முற்றம் வைத்த ஒரு வீட்டை உண்மையாகக் காட்டவேண்டும் என்ற பிடிவாதத்தில் பிறந்தது.

முற்றம் வைத்த வீடு! நம் நாற்சார் வீட்டை அறிந்தவர்களுக்கு இதைவிட விளக்கம் வேண்டுமா? நடுமுற்றத்திலிருந்து விறாந்தைக்கு வரும் வெளிச்சத்தில் அமர்ந்து அரிசி புடைக்கும் ஆச்சியின் முகத்தை எத்தனை முறை பார்த்திருக்கிறோம்! அதில் கண்ணுக்குக் கீழே கறுப்பு நிழல் இராது. சுருக்கங்கள் ஒவ்வொன்றும் தெரியும், ஆனால் கடுமையாகத் தெரியா. மித்ரா துணி கட்டி உண்டாக்கியதை நம் முன்னோர் சுண்ணாம்பு பூசிய சுவராலும் ஓட்டுத் தாழ்வாரத்தாலும் இலவசமாக வைத்துவிட்டுப் போயிருக்கின்றனர்.

பாலு மகேந்திராவும் இந்த மரபைச் சேர்ந்தவரே. இயன்றவரை இயற்கை வெளிச்சம், முகத்திற் பூச்சு மிகக் குறைவு, காலையிலும் மாலையிலும் சாய்ந்து வரும் ஒளிக்காகக் காத்திருத்தல் ஆகியன அவருடைய வழக்கங்கள். கறுத்த முகத்தைக் கறுப்பாகவே காட்டி அதன் அழகை அழகென்று நம்மை ஒப்புக்கொள்ள வைத்தவர் அவர். கமராவுக்கு எதிரே சூரியனை வைத்து, தலைமுடியின் ஓரத்தில் மட்டும் பொன்னிழை ஓடச் செய்யும் அவருடைய காட்சிகளைப் பின்னர் எத்தனையோ பேர் பின்பற்றினர். சிலர் அளவு மீறியும் பின்பற்றினர். 1977இல் கன்னடத்தில் தாமே இயக்கிய ‘கோகிலா’வின் ஒளிப்பதிவுக்காக இந்தியத் தேசிய விருதைப் பெற்றார். 1978இல் வந்த ‘முள்ளும் மலரும்’ அவர் ஒளிப்பதிவு செய்த முதல் தமிழ்ப் படம். ‘சங்கராபரணம்’ என்ற தெலுங்குப் படமும், மணிரத்தினம் முதன்முதலாக இயக்கிய ‘பல்லவி அனுபல்லவி’யும் (1983) அவர் கமராவில் உருவானவையே. 1982இல் வெளிவந்த ‘மூன்றாம் பிறை’ இரண்டாம் முறையாக ஒளிப்பதிவுக்கான தேசிய விருதை அளித்தது.

இனி நம் குடாநாட்டு வெயிலுக்கு வருவோம். யாழ்ப்பாணம் பூமத்திய ரேகைக்கு வடக்கே 9 பாகை 40 கலையளவில் இருக்கிறது. ஆதலால் ஆண்டில் இருமுறை சூரியன் நம் தலைக்கு நேர்மேலே வருகிறான்: ஒன்று சித்திரைப் புத்தாண்டை ஒட்டிய நாள்களில், மற்றையது ஓகஸ்ட் மாதக் கடைசியில், பெரும்பாலும் நல்லூர்த் திருவிழாக் கூட்டம் வீதியில் நிரம்பியிருக்கும் காலத்தை ஒட்டி. அந்நாள்களில் நண்பகல் 12 மணி கடந்து ஒரு பத்து நிமிடத்தில் முற்றத்தில் ஓர் உலக்கையை நிமிர்த்திப் பார்த்தால், நிழல் அதன் காலடியிலேயே ஒடுங்கிக் கிடக்கும். உலக்கைக்கு அது நல்லது. மனித முகத்துக்கு நல்லதன்று. கண்குழிகள் கறுத்து, மூக்கின் நிழல் உதட்டில் விழுந்து, எத்தகைய அழகரும் நோயாளிபோற் தோன்றுவர். அனுபவமுள்ள ஒளிப்பதிவாளர் அந்த இரண்டு மூன்று மணி நேரத்தைச் சாப்பாட்டுக்கும் உறக்கத்துக்கும் ஒதுக்கிவிடுவார். அல்லது கமராவை விறாந்தைக்குள் கொண்டுபோய்விடுவார்.

மாலை ஒளியோ வேறு சங்கதி. மேலைநாடுகளிற் கோடையில் அந்தி மணிக்கணக்காக நீளும். நம் நாட்டிற் சூரியன் செங்குத்தாக இறங்குவதால், மறைந்தபின் நல்ல வெளிச்சம் ஏறக்குறைய 20 நிமிடமே நிற்கும். பண்ணைப் பாலத்தில் நின்று கடனீரேரியின் மேல் அந்த நேரத்தைக் கண்டவர்கள் அதன் நிறத்தை மறவார். ஆனால் அந்த 20 நிமிடத்தில் ஒரு காட்சியை எடுப்பதென்றால், நடிகர் தம் வசனத்தை மறக்கக் கூடாது; கமரா முரண்டு பிடிக்கக் கூடாது; வாத்தும் நாயும் குறுக்கே வரக் கூடாது. தவறினால் நாளை மாலைதான். குழுவுக்கு மேலும் ஒருநாட் சாப்பாடு, ஒருநாட் கூலி. பணமில்லாப் படக்காரருக்கு இயற்கை வெளிச்சம் இலவசம் என்று சொல்வது பாதி உண்மையே. அதற்குரிய விலையைப் பொறுமையாகவும் முன்னேற்பாடாகவும் கொடுத்தாக வேண்டும்.

வேறு சில சலுகைகளும் இம்மண்ணில் உண்டு. மணற்காட்டு வெண்மணல் மேடுகளில் நிற்பவரின் முகத்துக்குக் கீழிருந்து ஒளி திரும்பி வந்து கண்குழிகளை நிரப்பும்; வெள்ளிக் காகிதம் ஒட்டிய பலகையை ஆள் வைத்துப் பிடிக்கத் தேவையில்லை. பனங்கூடலுக்குள் புகுந்தாலோ கோடு கோடாக நிழல். வடகீழ்ப் பருவக்காற்றோடு ஐப்பசி, கார்த்திகையில் வரும் மேகம் வானத்தையே ஒரு பெரிய வெள்ளைத் துணியாக விரித்துவிடும். ஊரெழுச் செம்மண்ணின் நிறம் மழைக்கு மறுநாள் எப்படியிருக்கும் என்பதை அவ்வூரவர் அறிவர். வெளியூரிலிருந்து கமராவுடன் வந்திறங்குபவர் இதை அறிய ஒரு வருடமாவது இங்கே தங்க வேண்டும்.

அப்படி வந்து இம்மண்ணை உற்றுநோக்கிய படம் ஒன்று உண்டு. 1977இல் வெளிவந்த ‘பொன்மணி’. கதை காவலூர் இராசதுரையுடையது. இயக்கியவர் தர்மசேன பத்திராஜா. ஒளிப்பதிவு டொனால்ட் கருணாரத்ன. பத்திராஜா அந்நாளில் நமது பல்கலைக்கழக வளாகத்தில் விரிவுரையாளராக இருந்தவர். ‘அஹஸ் கவ்வ’ (1974) முதலாகச் சிங்களத் திரையில் ஸ்ரூடியோவின் பொய்ப்பூச்சை உதறி, தெருவையும் கடற்கரையையும் உள்ளபடி காட்டிய கூட்டணி இந்த இருவருடையது. அவர்கள் யாழ்ப்பாணத்தில் இறங்கி, சாதியும் சீதனமும் ஒரு பெண்ணின் வாழ்வை எவ்வாறு நெரிக்கின்றன என்ற கதையை, நம் வேலிகளுக்கும் ஒழுங்கைகளுக்கும் இடையே எடுத்தனர். திரையரங்குகளில் அது வெற்றி பெறவில்லை. சென்னைப் படங்களின் பளபளப்பில் ஊறிய கண்களுக்கு நம் ஊர் வெயில் நம் ஊர் வெயிலாகவே தெரிந்தது பிடிக்கவில்லை போலும்! அதற்குமுன் 1972இல் கட்டடக் கலைஞர் வி. எஸ். துரைராஜா தயாரித்த ‘குத்துவிளக்கு’ம், அதற்குப்பின் 1978இல் செங்கை ஆழியானின் நாவலிலிருந்து உருவான ‘வாடைக்காற்று’ம் நம் வாழ்க்கையைத் திரைக்குக் கொண்டுவர முயன்றவையே. ஆயினும் ஒளியைப் பொறுத்தவரை நம் அபிப்பிராயத்தில் ‘பொன்மணி’க்கே முதலிடம்.

முன்னர் கூறிய வருத்தம் இதுதான். யாழ்ப்பாணத்தின் முகத்தை அத்துணை நேர்மையாகத் திரையில் பதித்தவர்கள் தெற்கிலிருந்து வந்த இரு சிங்களக் கலைஞர்கள்; அது அவர்களுக்குப் பெருமை. ஈழத்தில் பிறந்த ஈடற்ற ஒளிப்பதிவாளரோ, தாம் பிறந்த மண்ணில் ஒரு முழுநீளப் படத்தையேனும் எடுக்காமலே 2014ஆம் ஆண்டு பெப்ரவரி 13ஆம் திகதி சென்னையிற் காலமானார். 1979இல் அவர் எடுத்த ‘அழியாத கோலங்கள்’ தம் இளமை நினைவுகளிலிருந்து உருவானது. மட்டக்களப்பு வாவிக்கரையில் ஓடியாடிய பருவத்தை அவர் தமிழ்நாட்டு ஆற்றங்கரையில் தேடி எடுக்கவேண்டியதாயிற்று. தொழிலும் வாய்ப்பும் அங்கே இருந்தன. இங்கே இருந்தவையும் அழிந்தன. 1983 ஜூலைக் கலவரத்தில் ஹெந்தளையிலிருந்த விஜயா ஸ்ரூடியோ எரிக்கப்பட்டபோது பல படங்களின் மூலப்பிரதிகளும் சாம்பலாயின. வீடு எரிந்தால் மறுபடி கட்டலாம். மூலப்பிரதி எரிந்தால், அந்த முகங்கள், அந்தத் தெரு, அந்த நாளின் வெயில் எல்லாம் எரிந்தவையே.

வீடு என்றதும் அவருடைய ‘வீடு’ (1988) படத்தைப் பேசாதிருத்தல் தகாது. சென்னையில் வாடகை வீட்டிலிருந்து வெளியேற வேண்டிய ஒரு நடுத்தரக் குடும்பத்துப் பெண் சொந்த வீடு கட்ட முற்படுகிறாள். கதை அவ்வளவே. பாட்டு இல்லை, சண்டை இல்லை. படத்துக்காக உண்மையாகவே ஒரு வீட்டை அத்திவாரத்திலிருந்து எழுப்பினார்கள். சுவர் உயர உயரப் படமும் வளர்ந்தது. ஸ்ரூடியோவில் அட்டைச் சுவர் வைத்திருந்தால் அந்தச் செங்கல்லில் வெயில் அப்படி விழுந்திராது. பேரனாரை ஒத்த வயதில் சொக்கலிங்க பாகவதர், கட்டி முடியாத அவ்வீட்டைப் பார்க்க வந்து, பூச்சுப் பூசாத சுவரைத் தடவிக்கொண்டு அறை அறையாக நடக்கும் இடத்தில், ஒளி யன்னலுக்கென விட்ட வெற்றிடத்தின் வழியே வருகிறது. வேறு விளக்கு இருப்பதாகவே தோன்றாது. சிறுவயதில் தம் தாயார் வீடு கட்டப் பட்ட பாடே இப்படத்தின் விதை என்று அவர் கூறியதுண்டு. சிறந்த தமிழ்ப் படம் என்ற தேசிய விருதும், நாயகி அர்ச்சனாவுக்குச் சிறந்த நடிகை விருதும் கிடைத்தன. சீதன வீட்டுக்காகப் பாடுபட்டுக் கல்வீடு கட்டியவர்களும், 1995 ஒக்ரோபர் இறுதியில் அவ்வீடுகளைப் பூட்டித் திறப்பை மடியில் முடிந்துகொண்டு வலிகாமத்தை விட்டு வெளியேறியவர்களும் அப்படத்தைக் கண்கலங்காமற் பார்த்தல் அரிது.

சுயாதீனக் கலைஞர் என்று சொல்லும்போது அவர் சோற்றுக்கு என்ன செய்தார் என்ற கேள்வியும் எழும். அவரும் சந்தைக்காகப் படம் எடுத்தவரே. 1984இல் அவர் எடுத்த மசாலாப் படமொன்றின் பெயர் ‘நீங்கள் கேட்டவை’! பெயரிலேயே ஒரு முறைப்பாடும் ஒரு சிரிப்பும் இருக்கின்றன. பிறருக்கு ஒளிப்பதிவு செய்தும், ஆட்டமும் பாட்டும் கலந்த படங்களை எடுத்தும் இடையிடையே ‘வீடு’ம் ‘சந்தியா ராக’மும் (1989) எடுத்தார். கதை, ஒளிப்பதிவு, இயக்கம் ஆகியவற்றோடு பிற்காலத்திற் படத்தொகுப்பையும் தாமே செய்தார். இது கலைப் பிடிவாதம் மாத்திரமன்று, சிக்கனமும் ஆகும். நான்கு பேருக்குரிய கூலி ஒரு தலையில் அடங்கினால், முதலாளியின் தலையீடும் நாலிலொன்றாகக் குறைகிறது.

போர்க்காலத்தில் இக்கலைக்கு இங்கே என்ன நேர்ந்தது? 1990 முதல் பல ஆண்டுகள் குடாநாடு மின்சாரமின்றிக் கிடந்தது. மண்ணெண்ணெய்க்கும் தட்டுப்பாடு. ஜாம் போத்தலில் சிறிது பஞ்சும் சிறிது எண்ணெயும் இட்டு எரித்த விளக்கின் ஒளியில் ஒரு தலைமுறை மாணவர் பாடம் படித்துப் பரீட்சைக்குத் தோற்றினர். அந்த விளக்கைச் சுற்றி அமர்ந்தவர்களுக்கு ஒளிப்பதிவுக் கல்லூரி கற்பிக்கும் முதற்பாடத்தைப் புதிதாகக் கற்பிக்க வேண்டியதில்லை. ஒரேயொரு சிறு ஒளி இருந்தால் முகத்தின் எந்தப் பக்கம் தெரியும், விளக்கு ஓரடி தள்ளினால் சுவரில் நிழல் எப்படி வளரும், புத்தகத்தின் வெள்ளைத் தாளிலிருந்து திரும்பும் வெளிச்சம் வாசிப்பவளின் நாடியில் எப்படிப் படியும் என்பதெல்லாம் அவர்கள் இரவு இரவாகக் கண்டவை. அக்காட்சியைப் பிலிமில் எடுப்பது அந்நாளில் ஆகாத காரியம். 100 வேகப் பிலிமுக்கு அந்த விளக்கு இருட்டேதான். இன்றைய டிஜிற்றல் கமராக்கள் 800, 1600, அதற்கும் மேற்பட்ட வேகத்தில் எடுக்க வல்லன. எனவே அந்தப் போத்தல் விளக்கை அதன் சொந்த வெளிச்சத்திலேயே எடுக்கும் காலம் இப்போது வந்திருக்கிறது. எடுக்கப்போகிறவர் எங்கள் ஊர்ப் பிள்ளையாக இருக்கவேண்டும் என்பது எம் ஆசை.

ஆசைக்கு ஆதாரமில்லாமலில்லை. பாலு மகேந்திரா தம் கடைசிப் படமான ‘தலைமுறைகள்’ (2013) படத்தை எடுத்தது, நிழற்படம் பிடிப்போர் தோளில் தொங்கவிடும் அளவான ஒரு சிறு டிஜிற்றல் கமராவில். அப்போது அவருக்கு வயது எழுபதைக் கடந்துவிட்டது; அதில் முதியவராகத் தாமே நடித்தும் இருந்தார். அத்தகைய கமராக்கள் இன்று கொக்குவிலிலும் சாவகச்சேரியிலும் பருத்தித்துறையிலும் கல்யாண வீடியோ எடுக்கும் இளைஞர்களிடம் உள்ளன. 2015 முதல் யாழ்ப்பாணத்தில் சர்வதேசத் திரைப்பட விழாவும் தொடங்கி, பிறநாட்டுப் படங்களோடு நம் இளைஞரின் குறும்படங்களும் திரையேறின.

வீட்டில் ஒரு பிள்ளை கமரா கேட்டால் தாய் தந்தையர் முகஞ்சுளிப்பது இயல்பு. “இது சோறு போடுமா?” என்ற கேள்வி நியாயமானது. டொக்டர் வேலைபோலவோ இஞ்சினியர் வேலைபோலவோ மாதம் முடியச் சம்பளம் தரும் தொழிலன்று இது. ஆயின் கமரா கேட்கும் பிள்ளைக்கு உண்மையில் கண் இருக்கிறதா என்று சோதிக்க ஒரு சதமும் செலவில்லாத வழியொன்றைச் சொல்வோம். வீட்டிலுள்ள கைத்தொலைபேசி போதும். கிணற்றடியை ஒருநாளில் ஆறு முறை, ஒரே இடத்தில் நின்று படம் எடுக்கச் சொல்லுங்கள். விடியலில் ஒன்று, கடைசியாக விளக்கு வைத்தபின் ஒன்று. ஒரு வாரம் இப்படிச் செய்துவிட்டு, எந்தப் படம் எதனால் நன்றாக வந்தது என்று அப்பிள்ளை தானாக வாய்திறந்து சொன்னால், அதன் பேச்சைக் கொஞ்சம் இருந்து கேளுங்கள். மூன்றாம் நாளே சலித்துவிட்டால் பிரச்சினையும் தீர்ந்தது.

கல்யாண வீடியோ எடுப்பவரை ஏளனமாக நோக்கும் வழக்கமும் படித்தவர் சிலரிடம் உண்டு. அது சரியென்று நமக்குத் தோன்றவில்லை. மணவறையின் நெருப்பொளி, மண்டபத்து வெள்ளை விளக்கு, வாசலிலிருந்து வரும் வெயில் என்ற மூன்று நிறத்து வெளிச்சத்தையும் ஒரே கணத்தில் சமாளித்து, தாலி ஏறும் அந்த ஒரு நொடியைத் தவறவிடாமற் பிடிப்பவர், மறுமுறை எடுக்கலாம் என்ற சலுகையில்லாத தொழிலாளி. தையிலும் ஆவணியிலும் அவருக்கு மூச்சுவிட நேரமிராது. மார்கழியிற் கல்யாணமில்லை, கமரா அலுமாரியில் இருக்கும். சொந்தப் படம் எடுக்க விரும்பும் இளைஞர்களுக்கு ஓய்ந்திருக்கும் மாதம் அது. மழை விட்ட தரை, தூசி அடங்கிய காற்று. சூரியன் தெற்கே சாய்ந்து, நண்பகலிலுங்கூட 57 பாகை உயரத்துக்கு மேல் ஏறுவதில்லை. நிழல்கள் நாள் முழுவதும் நீண்டு கிடக்கும். விடியற்காலையில் திருவெம்பாவைச் சங்கு கேட்கும்போது எழுந்து கமராவைத் தோளில் மாட்டினால், பனந்தோப்புக்குள் முதல் வெயில் இறங்குவதற்கு இன்னும் ஒரு மணி நேரம் இருக்கும்.